வெள்ளரித் தோலுக்கு அடுத்த பச்சை

வேப்பங்குச்சி இரும்பு வாளியின் விளிம்பில் மூன்று தடவை தட்டுகிற ஓசை. டொக், டொக், கொஞ்சம் பொறுத்து இன்னொரு டொக். சுண்ணாம்பைக் கலக்கி முடித்ததும், குச்சியில் ஒட்டிக்கொண்டிருப்பது வாளிக்குள்ளேயே விழட்டும் என்று அமலி அப்படித் தட்டுவாள். முதல் இரண்டு தட்டு சுண்ணாம்புக்கு. மூன்றாவது எதற்கு என்று எமரன்சியா ஒருநாளும் மகளிடம் கேட்டதில்லை. கேட்டிருக்கலாம். இருபத்திரண்டு வருஷத்துக்கு முந்தைய ஓசை அது, காதின் ஏதோ ஒரு மூலையில் இன்னும் காயாமல் இருக்கிறது. இப்போது அவள் முன்னால் இருப்பது பிளாஸ்டிக் வாளி. குச்சியைத் தட்டினால் ஊமையாகத் தொப் என்கிறது, அதோடு சரி. அந்த இரும்பு வாளி எங்கே போனது? அடி இற்றுப்போய்ப் பழைய சாமான்காரனிடம் போட்டிருப்பாள், போட்ட நினைவு இல்லை, போடாத நினைவும் இல்லை. எழுபத்து மூன்று வயதில் கல்லறைத் தோட்டத்தில் பலகை போட்டு உட்கார்ந்துகொண்டு, முழங்கை வரை சுண்ணாம்புத் தெறிப்போடு, ஒரு வாளியைப் பற்றி யோசிக்கிறாள். யோசிக்க வேண்டியது வாளியைப் பற்றி இல்லை என்று அவளுக்குத் தெரியும். மணி எட்டரை. அமலியின் புருஷன் வழக்கமாகப் பத்து மணிக்குள் வந்துவிடுவான் என்று தோட்டக்காரன் சவரியப்பன் எப்போதோ சொல்லியிருக்கிறான். பத்துக்குள் இந்தப் பச்சை வந்தாக வேண்டும். வந்து, மகளின் கல்லறையில் ஒரு கை அடித்து, அது காய்ந்தும் இருக்க வேண்டும். காய்ந்திருந்தால்தான் அவன் பார்த்ததும் தெரிந்துகொள்வான். அதற்குப் பிறகு அவள் ஒன்றும் சொல்ல வேண்டியிருக்காது. சொல்ல அவளிடம் ஒன்றும் இல்லை.

கல்லறைத் திருநாளுக்கு இரண்டு நாள் இருக்கிறது. அக்டோபர் முப்பத்தொன்றில் இந்தத் தோட்டம் வருஷத்தில் வேறெந்த நாளிலும் இல்லாதபடி இரைச்சலாக இருக்கும். குடும்பம் குடும்பமாக வந்து புல்லைச் செதுக்கி, சிலுவையைக் கழுவி, அவரவர் கல்லறைக்கு அவரவர் சாயம் அடிப்பார்கள். ரோஸ், வெளிர்நீலம், வெள்ளைக்குச் சிவப்பு ஓரம். இரண்டாம் தேதி சாயங்காலம் மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் எல்லாமே ஒரே நிறமாகத் தெரியப்போகிறது என்றாலும் நிறத்துக்காகச் சண்டை நடக்காத கல்லறை கிடையாது. பக்கத்தில் பிலவேந்திரர் கல்லறையை அவர் மகனும் மருமகளும் ரோஸாக்கிக்கொண்டிருந்தார்கள். "உங்கப்பாவுக்கு ரோஸே ஆகாது. எனக்கு ஒரு ரோஸ் சேலை எடுத்ததுக்கு மூணு நாள் மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்கிட்டிருந்தாரு." "இப்ப எந்திரிச்சு வந்து மூஞ்சியத் தூக்கப்போறாரா? வீட்டுக்கு அடிச்சது அரை டின் கெடக்கு, அடி." "அவரு எந்திரிச்சு வந்தா உங்களைத்தான் கேப்பாரு, என்னையக் கேக்க மாட்டாரு." இருவரும் சிரித்தார்கள். எமரன்சியாவுக்கும் உதடு இளகியது, உடனே இறுகியது. தோட்டத்தின் நடுவே, கிழக்கு மேற்காக, ஆள் உயரத்துக்கு ஒரு சுவர். அவள் பிறப்பதற்கு முன்பே அது இருந்தது. சுவருக்கு இந்தப் பக்கம் இவர்கள், அந்தப் பக்கம் அவர்கள். ஒரே கோயில், ஒரே பூசை, ஒரே சாமியார்தான் இரண்டு பக்கமும் வந்து மந்திரிப்பார். ஆனால் அந்தப் பக்கத்துக்கு வாசல் வேறு, பின் ரோட்டிலிருந்து சுற்றிக்கொண்டு போக வேண்டும். இந்த ஊரில் யாரும் யாரையும் என்ன சாதி என்று கேட்பதில்லை, அது நாகரிகமில்லை. உங்கள் வீட்டுப் பெரியவர்களை எந்தப் பக்கம் வைத்திருக்கிறது என்று கேட்பார்கள். அவளும் அப்படித்தான் கேட்டாள். சுவருக்கு அந்தப் பக்கமிருந்தும் செதுக்குகிற சத்தம், குழந்தைகளை அதட்டுகிற சத்தம், வாளிச் சத்தம் வந்துகொண்டிருந்தது. எங்கோ ஒரு குச்சி இரும்பில் தட்டியது. டொக், டொக். அவள் கை நின்றது. பிறகு, கொஞ்சம் பொறுத்து, டொக்.

அவன்தான். அவனுடைய தாய் தகப்பன் அந்தப் பக்கம் இருக்கிறார்கள், முதலில் அவர்களுக்கு அடித்துவிட்டுத்தான் இங்கே வருவான். அப்படியானால் வந்துவிட்டான், சுவருக்குப் பின்னால் பத்தடி தூரத்தில் நிற்கிறான், பின் ரோட்டைச் சுற்றி வர ஐந்து நிமிஷம் ஆகும். அவள் அவசரமாக வாளியைக் கலக்கினாள். கலக்கக் கலக்க அது கறுத்தது. பச்சைப் பொடி கூடிவிட்டதா? நீற்றிய சுண்ணாம்பு ஒரு வாளி, சுவரில் பிடிக்க வஜ்ஜிரப்பசை காய்ச்சியது ஒரு குவளை, பச்சைப் பொடி மூன்று ஸ்பூன், நீலம் அரை ஸ்பூன். முப்பத்து நான்கு வருஷம் ரசாயனம் நடத்தியவள், அளவு எழுதி வைக்காமல் எதையும் கலந்ததில்லை, பரிசோதனைச் சாலையில் பிள்ளைகள் கையால் அள்ளிப் போட்டால் ஸ்கேலால் மேஜையில் அடிப்பாள். அமலிக்கு அளவே கிடையாது. சிட்டிகை, கொஞ்சம், இன்னுங்கொஞ்சம், போதும். ஒன்பது வயதில் கிறிஸ்துமஸ் குடிலுக்கு மலை செய்கிறேன் என்று நீலம் கலந்த சுண்ணாம்பில் மஞ்சள்தூளைக் கொட்டினாள், நீலமும் மஞ்சளும் சேர்ந்தால் பச்சை என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அது செக்கச்செவேலென்று ஆகிவிட்டது. இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு அடுப்படிக்கு ஓடி வந்தாள். "அம்மா, என் மலை ரத்தமாப் போச்சு." எமரன்சியா சிரித்த சிரிப்பில் தோசை தீய்ந்தது. "சுண்ணாம்பு காரம்டி கழுத. காரத்துல மஞ்சள் செவக்கும். கல்யாண வீட்டுல ஆலத்தித் தண்ணி பாத்ததில்லையா?" அந்த வருஷம் பெத்லகேம் மலை சிவப்பாகவே இருந்தது. பார்க்க வந்தவர்கள் எல்லாம் என்ன டீச்சர், பாலஸ்தீனத்தில் செம்மண்ணா என்று கேட்டார்கள், ஆமாம் என்று சொன்னாள். அப்போது அவளால் அப்படிச் சொல்ல முடிந்திருக்கிறது. தப்பாக வந்த நிறத்தை அப்படியே இருக்கட்டும் என்று விட முடிந்திருக்கிறது. அந்த எமரன்சியா எந்த வருஷத்தில் போனாள்? மகளின் மார்பு வளர்ந்து, தாவணி போய்ச் சேலை வந்து, தெருவில் போகிறவர்கள் இவளை யார் கட்டப்போகிறார்கள் என்று பார்க்கத் தொடங்கியபோதா?

கல்லறையின் பின்பக்கம், யார் கண்ணிலும் படாத அடிப்பகுதியில், ஏழரை மணிக்கு ஒரு கை அடித்துவிட்டிருந்தாள். அது காய்ந்துவிட்டதா என்று குனிந்து பார்த்தாள். காய்ந்திருந்தது. பெரியாஸ்பத்திரிச் சுவர். நோயாளிகளின் தலை உரசி உரசி எண்ணெய் ஏறுமே, அந்தப் பச்சை. இது இல்லை. இது இல்லை என்று எப்படித் தெரியும், அவள்தான் அதைப் பார்த்ததே இல்லையே. பார்க்காத ஒன்றைக் கலக்க உட்கார்ந்திருக்கிறாள். பார்த்தது ஈரத்தை மட்டும். அமலிக்கு இருபத்தொரு வயது, வீடு முழுக்க வெள்ளையடிப்பு நடந்துகொண்டிருந்தது, தன் அறைக்குத் தானே கலக்கிக்கொள்கிறேன் என்று கொல்லையில் உட்கார்ந்து காலையெல்லாம் கலக்கினாள். மத்தியானத்துக்குள் கட்டில் பக்கத்துச் சுவரை ஏணி போட்டு அடித்தும் முடித்துவிட்டாள். எமரன்சியா எட்டிப் பார்த்தாள். "என்னடி இது, பாசி புடிச்ச கெணறு மாதிரி." "காயட்டும்மா. காஞ்சா வெளுக்கும், அப்பத்தான் அது." "எது?" "வெள்ளரிக்காய நறுக்குறப்ப பாத்திருக்கியா? தோலை ஒட்டி உள்ளாற ஒரு பச்சை இருக்கும்ல, வெள்ளை ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி, அது." "அது ஒரு கலராடி, வெள்ளரிக்கா." "நீ திங்கிறதுக்கு மட்டும் நறுக்குறம்மா." சிரித்துக்கொண்டே சொன்னாள். மூக்கில் ஒரு பொட்டுச் சுண்ணாம்பு. அந்தப் பொட்டைத் துடைத்துவிடக் கை எழுந்தது, எழுந்ததா? எழுந்தது என்றுதான் இத்தனை வருஷமாக வைத்திருக்கிறாள். மறுநாள் மதுரையிலிருந்து பெண் பார்க்க வருகிறார்கள். வருகிறவர்கள் பெண்ணின் அறைவரை வந்து பார்ப்பார்கள். பாசி பிடித்த சுவரைப் பார்த்தால் வீட்டில் ஓதம் என்று நினைப்பார்கள். நாலு மணிக்கு அமலி பாட்டுக் குழு ஒத்திகைக்குக் கோயிலுக்குப் போனதும், முன்கூடத்துக்கு அடித்துக்கொண்டிருந்தவரைக் கூப்பிட்டு, அந்தக் கிரீம் கலரை இந்தச் சுவரிலும் ரெண்டு கை இழுத்துடுங்க என்றாள். "ஈரமா இருக்கே டீச்சர், காஞ்சதும் அடிக்கலாமே." "பரவாயில்ல, அடிங்க." ஏழு மணிக்கு அமலி வந்து அறை வாசலில் நின்றாள். நின்றுகொண்டே இருந்தாள். பிறகு கேட்டது ஒன்றே ஒன்று. "அடிக்கச் சொல்றப்ப காஞ்சிருந்துச்சாம்மா?" "இல்ல." "அப்ப நீ பாக்கவே இல்ல." சண்டை போடவில்லை. கொல்லைக்குப் போய் வாளியைக் கழுவினாள். குச்சியைத் தட்டுகிற ஓசை அடுப்படிவரை கேட்டது, மூன்று தடவை. மதுரைக்காரர்கள் வந்தார்கள், கேசரி தின்றார்கள், போய்க் கடிதம் போடுகிறோம் என்றார்கள். போடவில்லை.

பார்க்காமலேயே சொல்லிவிடுவது ஒரு வியாதி போலிருக்கிறது, ஒரு தடவை வந்தால் போகாது. மூன்று வருஷம் கழித்து, எமரன்சியா அரையாண்டு விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்த ஒரு சனிக்கிழமை, அமலி எதிரில் வந்து உட்கார்ந்தாள். "அம்மா, இன்னாசிமுத்துன்னு ஒருத்தர். போஸ்டாபீஸ்ல கிளார்க்கா இருக்கார். நம்ம கோயில்தான், வாசகம் வாசிப்பாரே, அவர்." நல்ல குரல் அது, எமரன்சியாவுக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தக் குரல் பவுலின் திருமுகத்தை வாசிக்கும்போது, எழுத்தை இவ்வளவு சுத்தமாக உச்சரிக்கிறானே, யார் பெற்ற பிள்ளையோ என்று நினைத்திருக்கிறாள். "அவங்க பெரியவங்களை எந்தப் பக்கம் வெச்சிருக்கு?" "அந்தப் பக்கம்." "அப்ப பேச்சில்ல." "ஒரே ஒரு தடவை வரச் சொல்றேன். பாத்துட்டு வேண்டாம்னு சொல்லு, கேட்டுக்கிறேன்." "பாக்க வேண்டியதில்ல." பேனாவைத் தாளிலிருந்து எடுக்காமலேயே சொன்னாள். அந்தத் தாள் யாருடையது? சமநிலைப்படுத்தாத சமன்பாட்டுக்கு அரை மதிப்பெண் குறைத்ததுகூட நினைவிருக்கிறது, மகளின் முகம் அந்த நிமிஷம் எப்படி இருந்தது என்று நினைவில்லை, ஏனென்றால் நிமிரவில்லை. அமலியின் அப்பா தைரியநாதன் உள்ளறையில் இருந்தார், எல்லாம் கேட்டிருக்கும், இருமினார், அவ்வளவுதான். ஜனவரியில் அமலி போனாள். கல்யாணம் பக்கத்து ஊர்க் கோயிலில் நடந்தது. அடுத்த மூன்றாம் வருஷம் தைரியநாதன் போய்ச் சேர்ந்தார். ஒரே ஊர், இரண்டு மைல் இடைவெளி, பன்னிரண்டாம் நம்பர் பஸ் அவர்கள் தெரு முனையில்தான் நின்று போகும். அந்த நிறுத்தம் வரும்போது எமரன்சியா மறுபக்க ஜன்னலைப் பார்ப்பாள். மறுபக்கத்தில் ஒரு சைக்கிள் கடை. ஏழு வருஷத்தில் அந்தச் சைக்கிள் கடையை அவளைப் போலப் பார்த்தவர்கள் யாரும் இருக்க மாட்டார்கள்.

வாளியைக் கொஞ்சம் சாய்த்து இன்னும் அரை ஸ்பூன் நீலம் போட்டாள். போட்டதும் தப்பென்று தெரிந்தது, மயில்துத்தம் மாதிரி குளிர்ந்துபோயிற்று. மஞ்சள் வேண்டும். சமையல் மஞ்சள் இல்லை, சுண்ணாம்பில் சிவக்காத மஞ்சள் காவி, அந்தப் பொட்டலத்தைப் பிரித்தாள். மஞ்சள். அமலியின் கண் வெள்ளை முழுக்க மஞ்சள், நகக்கண் மஞ்சள், தலையணை உறைவரை. காமாலை முற்றிவிட்டது, ஈரல் கேட்கவில்லை என்று ஆள் அனுப்பிச் சொன்ன பிறகுதான் எமரன்சியா ஆஸ்பத்திரிக்குப் போனாள். போனபோது மகள் கோபமாக இருப்பாள் என்று பயந்துகொண்டு போனாள், அழுவாள் என்று பயந்துகொண்டு போனாள். அவள் நேற்றுத்தான் பேசிவிட்டு நிறுத்திய மாதிரி பேசினாள். "வந்துட்டியா. அம்மா, அந்தக் கலர் வந்துருச்சும்மா. முன்ரூம்ல அடிச்சிருக்கோம், அச்சு அசலா வந்துருக்கு. இப்பல்லாம் அவருக்கு என்னைய விட நல்லாக் கலக்க வருது. வீட்டுக்கு வந்து பாரேன்." "மொதல்ல நீ எந்திரி. அப்புறம் பாக்கலாம்." "நான் எந்திரிக்கிறதுக்கும் சுவத்துக்கும் என்ன, அது இப்பவே காஞ்சுதான் இருக்கு." அதுதான் அவர்கள் கடைசியாகப் பேசிய நீளமான பேச்சு. அதற்கப்புறம் தண்ணி, வெளிச்சத்த அணை, அவ்வளவுதான். ஆறாம் நாள் விடிகாலை. வராந்தாவில் இன்னாசிமுத்து சுவரில் முதுகை வைத்து நின்றுகொண்டிருந்தான், வெள்ளைச் சட்டை, பையில் பேனா. அவள் முதல் தடவையாக அவனிடம் பேசினாள். "அவளை எங்கிட்டக் குடுத்துரு. அவங்கப்பா பக்கத்துல இருக்கட்டும்." அவன் அவளைப் பார்த்தான். நெடுநேரம் பார்த்தான். அவனுக்கு உரிமை இருந்தது, இல்லை என்று சொல்லியிருக்கலாம், என் மனைவி, என் பக்கம்தான் வருவாள் என்று சொல்லியிருக்கலாம், சொல்லியிருந்தால் அவளால் என்ன செய்திருக்க முடியும். "சரிங்க டீச்சர்," என்றான். அந்த நல்ல குரல் உடைந்திருந்தது. "ஒண்ணே ஒண்ணு. வருஷா வருஷம் சாயம் மட்டும் நான் வந்து அடிச்சுக்கிறேன்." அவள் தலையை ஆட்டினாள். ஆட்டிவிட்டு, அந்த வருஷமே, நவம்பர் முதல் தேதி, தோட்டக்காரன் சவரியப்பனைக் கூப்பிட்டு, சாயங்காலத்துக்குள்ள வெள்ளை அடிச்சிரு, ரெண்டாந்தேதி எங்க சொந்தக்காரங்கள்லாம் வருவாங்க என்றாள். பன்னிரண்டு வருஷத்தில் பதினோரு திருநாள். பதினோரு தடவையும் அவன் முப்பத்தொன்றாம் தேதி வந்து அடித்துவிட்டுப் போனான், முதல் தேதி அது வெள்ளையாயிற்று, இரண்டாம் தேதி அவள் பூவோடும் மெழுகுவர்த்தியோடும் வந்து வெள்ளைக் கல்லறையின் முன் மண்டியிட்டாள். சொந்தக்காரர்கள் பார்த்தால் என்ன நினைப்பார்கள், அது அவன் அடித்தது என்று பச்சையைப் பார்த்தே கண்டுபிடித்துவிடுவார்களா, ஒரு நிறம் போய் யார் வீட்டுப் பிள்ளை என்று சொல்லுமா. யோசித்ததில்லை. இந்த வருஷம் சித்திரையில் ஒருநாள் மத்தியானம், தனியாக, தயிர்ச்சோற்றுக்குத் தொட்டுக்கொள்ள ஒரு வெள்ளரிப் பிஞ்சை நறுக்கினாள். ஜன்னல் வெயில் அந்த வில்லையின் மேல் விழுந்தது. தோல். தோலை ஒட்டி ஒரு வளையம். பிறகு வெள்ளை. கத்தியை வைத்துவிட்டு நின்றவள், சோறு புளித்த வாடை வரும்வரை நின்றாள். அன்றைக்கே சவரியப்பனிடம் ஆள் அனுப்பி, இந்த வருஷம் வெள்ளை அடிக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். அவன் வரும் நாளில் தானும் வந்து இருக்க வேண்டும் என்று அப்போதே முடிவு செய்ததுதான். வந்து? மன்னிப்பு என்ற சொல் அவளுக்குப் பாவசங்கீர்த்தனக் கூண்டில் முட்டி போட்டுச் சொல்ல வரும். நேருக்கு நேர் நின்று சொல்ல வராது. அதனால்தான் இந்த வாளி.

இரண்டாவது கை அடித்துப் பார்த்தாள், மூன்றாவது. கல்லறையின் பின்பக்கம் கட்டம் கட்டமாகப் பச்சை, ஒவ்வொன்றும் வேறு, எதுவும் அது இல்லை. சவரியப்பன் மண்வெட்டியோடு அந்த வழியாகப் போனான். "டீச்சரம்மா, ஆளு விட்டா அரை மணியில முடிச்சிருவான். நீங்க கலக்குற வேகத்துக்கு அடுத்த திருநாளுக்குத்தான் காயும்." "போய்யா, உன் வேலையப் பாரு." "எல்லாரும் கலர எறக்குறாங்க, நீங்க ஏத்திக்கிட்டே போறீங்க," என்று சொல்லிக்கொண்டே போனான். போகிற போக்கில் சொன்னது முள்ளாக நின்றது. ஏற்றிக்கொண்டே போகிறாளா? எந்த ஈரத்தைப் பார்த்துக் கலக்குகிறாள்? அன்றைக்குச் சுவரில் பார்த்த ஈரத்தை. பாசி பிடித்த கிணற்றை. அவள் கலக்கியது அப்படியே பாசிதான், துளி பிசகில்லை, ஆனால் காய்ந்தால் ஆஸ்பத்திரிச் சுவராகிறது. ஓரத்தில் போன வருஷத்து வெள்ளை பொரிந்து நின்ற இடத்தைச் சுரண்டலாம் என்று தகட்டை வைத்தாள். உள்ளங்கை அகலத்துக்கு ஒரு பொருக்கு அப்படியே கழன்று மடியில் விழுந்தது. விளிம்பைப் பார்த்தாள். வெள்ளை, ஒரு கோடு, வெள்ளை, ஒரு கோடு, வெள்ளை. நகத்தால் மேல் வெள்ளையை நெம்பினாள், அது ஒரு ஏடு போலப் பிரிந்து வந்தது. அடியில் இருந்தது அது. காய்ந்த பச்சை. பச்சை என்றுகூடச் சொல்ல முடியாது, வெள்ளை ஒரு பெயரை நினைத்துக்கொள்ளத் தொடங்கியதுபோல இருந்தது. கத்தியும் ஜன்னல் வெயிலும் தோலை ஒட்டிய வளையமும். இதுவா? இவ்வளவுதானா? இதற்கா அவள் அன்று அவசரமாக ஆள் கூப்பிட்டாள்? இதன் ஈரம் பாசி நிறமாக இருந்திருக்கவே முடியாது. ரசாயனம் படித்தவளுக்குத் தெரியாதா. இத்தனை வெளுப்பாகக் காய்கிற ஒன்று ஈரத்தில் மிஞ்சிப் போனால் முருங்கைக் கொழுந்து நிறம் இருந்திருக்கும். அழகாகவே இருந்திருக்கும். அவள்தான் வருஷா வருஷம் நினைவில் பொடி தூவித் தூவி அதைப் பாசியாக்கியிருக்கிறாள். பாசியாக இருந்தால்தானே அவள் செய்தது சரி. பிலவேந்திரர் மருமகள் இந்தப் பக்கம் திரும்பி, "என்ன டீச்சர், கண்ணுல சுண்ணாம்பு பட்டுருச்சா? தேங்காயெண்ணெய் இருக்கு, தரவா?" என்றாள். "வேண்டாம்மா. தானா சரியாயிரும்."

பாதி வாளியைப் புல்லில் கவிழ்த்தாள். மிச்சத்தில் வெள்ளைச் சுண்ணாம்பை ஊற்றினாள், ஊற்றிக்கொண்டே இருந்தாள், எவ்வளவு வெள்ளை கேட்கிறது இந்த நிறம். அவள் பதினோரு வருஷமாக மேலே பூசச் சொன்னதெல்லாம் உள்ளே சேர வேண்டியது. மஞ்சள் காவியில் ஒரு சிட்டிகை. அளவு எழுதவில்லை. கொஞ்சம், இன்னுங்கொஞ்சம், போதும். கலக்கினாள், குச்சியைத் தட்டினாள், மூன்றாவது தட்டும் தானாக வந்தது. கல்லறையின் முன்பக்கம், அமலோற்பவ மேரி என்று பெயர் வெட்டிய பளிங்குக்குக் கீழே, ஒரு கை இழுத்தாள். வெயில் ஏறிவிட்டிருந்தது. பொருக்கைப் பக்கத்தில் பிடித்துக்கொண்டு, மூச்சைக்கூட மெதுவாக விட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். இருபத்திரண்டு வருஷத்தில் முதல் தடவையாக அவள் ஒரு நிறம் காய்வதைப் பார்த்தாள். ஓரத்திலிருந்து வெளுத்தது, பிறகு நடுவில் ஒரு தீவு, பிறகு அந்தத் தீவும். பொருக்கை அதன் மேல் வைத்தாள். எங்கே பொருக்கு முடிந்து எங்கே கல்லறை தொடங்குகிறது என்று தெரியவில்லை. வந்துருச்சு அமலி என்று வாய்க்குள் சொன்னாள். மணி பத்தரை. வாசலைப் பார்த்தாள். வருகிறவர்கள் போகிறவர்கள், வெள்ளைச் சட்டைக்காரர்கள் இரண்டு பேர், இரண்டு பேரும் அவன் இல்லை. அவளைக் கண்டதும் வாசலிலேயே திரும்பிப் போய்விடுவானோ. போனாலும் பரவாயில்லை, தூரத்திலிருந்தே இது தெரியும். சுவருக்கு அந்தப் பக்கம் மறுபடி தட்டியது. டொக், டொக். டொக். இன்னும் முடிக்கவில்லை. தாய் தகப்பனுக்குச் செய்ய இவ்வளவு நேரமா எடுத்துக்கொள்வான்.

சவரியப்பன் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து பக்கத்தில் வைத்தான். கல்லறையைப் பார்த்தான். "அவரு அடிக்கிற கலர் மாதிரியே இருக்கே டீச்சரம்மா." "சவரி, இன்னாசிமுத்து எத்தனை மணிக்கு இந்தப் பக்கம் வருவார்?" அந்தப் பெயரை அவள் வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை. சொல்லிவிட்டு, உச்சரிப்பு சரியாக வந்ததா என்றுகூட ஒரு கணம் யோசித்தாள். சவரியப்பன் தலைத்துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தான், வேர்க்கவே இல்லை. "உங்களுக்கு யாரும் சொல்லலியா? ஆமா, அந்தப் பேரை உங்க முன்னால யாரும் எடுக்கிறதில்லையே." "என்ன சொல்லலியா? அந்தப் பக்கம்தானே இருக்காரு. தட்டுற சத்தம் கேக்குதே." "அது அவரு தங்கச்சி. சின்னராணி. அப்பா அம்மா கல்லறைக்கு அடிச்சுக்கிட்டிருக்கு. அண்ணன்தான் கலக்கச் சொல்லிக் குடுத்திருக்காரு." அவன் பலகையின் ஓரத்தில் குந்தினான். "அவருக்குத் தெரியும் டீச்சரம்மா, நீங்க வெள்ளை அடிக்கச் சொல்றது. ரெண்டாந்தேதி நீங்கல்லாம் போனதுக்கப்புறம் வருவாரு, ஒரு மெழுகுவர்த்தி ஏத்துவாரு. வெள்ளையா இருக்கும். மொத வருஷம் நான் எதுக்க நிக்க முடியாம நின்னேன். மழையில கரைஞ்சிருக்கும்ணேன்னு அவரே சொன்னாரு. அந்த வருஷம் மழையே இல்ல. அப்புறம் வருஷா வருஷம் அதையேதான் சொல்லுவாரு, மழையில கரைஞ்சிருக்கும்ணே." எமரன்சியா சொம்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தண்ணீரில் ஒரு பொட்டுச் சுண்ணாம்பு விழுந்து மெல்லக் கரைந்தது. "எங்க இருக்காரு?" என்றாள். சவரியப்பன் சுவரின் பக்கம் கையைக் காட்டினான்.

இன்னாசிமுத்து இந்த வருஷம் ஆடி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, தபால்நிலையத்தில் வேலையாக இருக்கும்போதே மேஜைமேல் சாய்ந்து இறந்துபோனார். நாற்பத்தாறு வயது. சுவருக்கு அந்தப் பக்கம், கடைசி வரிசையில், சுவரை ஒட்டி வைத்திருக்கிறார்கள். வருஷம் திரும்பி மண் அமுங்கிய பிறகுதான் மேலே கட்டுவார்கள். அதுவரை அது மண்மேடு, மண்ணில் சுண்ணாம்பு நிற்காது.